குறைதீர்க்கும் கூட்ட அரங்கில் ஹியரிங் லூப் பொருத்தக் கோரும் மனு

அனுப்புநர்
காதொலி கருவி பயன்படுத்துவோர்,
சேலம் மாவட்டம்.

பெறுநர்
உயர்திரு மாவட்ட ஆட்சியர் அவர்கள்,
மாவட்ட ஆட்சியர் அலுவலகம்,
சேலம் – 636 001.

பொருள்: மக்கள் குறைதீர்க்கும் நாள் கூட்ட அரங்கிலும் மனுப் பதிவு கவுண்டரிலும் ஏற்காடு வட்டாட்சியர் அலுவலகத்திலும் ஹியரிங் லூப் வசதி கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மா,

வணக்கம். காதொலி கருவி பக்கத்தில் பேசுபவர் குரலுக்கு நன்றாக உதவும். பெரிய அரங்கிலோ மின்விசிறி இரைச்சல், நாற்காலி இழுக்கும் சத்தம், எதிரொலி எல்லாவற்றையும் சேர்த்தே பெரிதாக்கிவிடும். ஸ்பீக்கரில் சத்தத்தைக் கூட்டினால் எதிரொலியும் கூடும், சொல் விளங்காது. லூப் இருந்தால், மைக்கில் விழும் குரல் அரங்கைச் சுற்றிப் பதித்த செப்புக் கம்பியில் மின்னோட்டமாக ஓடி, காந்தப்புலமாகி, கருவிக்குள் உள்ள டெலிகாயில் என்ற சிறு கம்பிச்சுருளில் நேராகச் சேரும். அணிந்தவர் கருவியை ‘டி’ நிலைக்கு மாற்றினால் போதும்.

மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 2016, 45-ஆம் பிரிவின்படி, ஏற்கெனவே உள்ள பொதுக் கட்டடங்களை விதிகள் வெளியான 5 ஆண்டுகளுக்குள் அணுகத்தக்கதாக மாற்ற வேண்டும். விதிகள் 2017-இல் வந்தன, கெடு கடந்துவிட்டது. சாய்தளம் கட்டியதோடு வேலை முடிந்ததாக எண்ணும் வழக்கம் இன்னும் போகவில்லை.

வாங்கி மாட்டினால் மட்டும் போதாது என்பதால் சில விவரங்களைச் சொல்ல வேண்டியிருக்கிறது. சேலத்தில் இரும்புக்குப் பஞ்சமில்லை. லூப்புக்கு அதுவே எதிரி. கான்கிரீட்டில் உள்ள இரும்புக் கம்பியும் மேடையின் இரும்புச் சட்டமும் காந்தப்புலத்தை விழுங்கும், அதிலும் ‘ச’, ‘த’ போன்ற ஒலிகளைத் தெளிவாக்கும் உயர் அலைவரிசைகளை முதலில். அத்தகைய இடத்தில் சுவரோரம் ஒரே சுற்று ஓட்டினால் நடு வரிசையில் குரல் மங்கிப்போகும். எட்டு வடிவிலோ, ஒன்றன்மேல் ஒன்று படியும் இரட்டைச் சுற்றுகளாகவோ அமைக்க வேண்டும். லூப் கம்பிக்கு நேர் மேலே இருக்கை போட்டால் அங்கு ஏறக்குறைய ஒன்றும் கேட்காது. சாதாரண மைக்செட் ஆம்ப்ளிஃபயரில் கம்பியை இணைக்கக் கூடாது. லூப்புக்கென்றே உள்ள ஆம்ப்ளிஃபயர் வேண்டும். மைக் வயரும் லூப் கம்பியும் ஒட்டி ஓடினால் ஊளைச் சத்தம் வரும்.

ஆகவே, ஒப்பந்தப்புள்ளியில் லூப்புகளுக்கான சர்வதேசத் தரமான ஐ.இ.சி. 60118-4-ஐக் கட்டாயமாக்க வேண்டும். கம்பி பதிக்கும் முன்பே அரங்கில் மின்வயரிங்கால் வரும் 50 ஹெர்ட்ஸ் இரைச்சலை அளக்க வேண்டும். பதித்த பின், உட்கார்ந்தவர் காது உயரமான 1.2 மீட்டரில், இருக்கை இருக்கையாகப் புலவலிமையை அளந்து, உச்ச அளவு மீட்டருக்கு 400 மில்லி ஆம்பியர் எட்டுவதை அறிக்கையாகப் பெற்ற பிறகே பணம் விடுவிக்க வேண்டும். அதிகாரியின் மைக், மனுதாரரின் மைக் இரண்டும் லூப்பில் சேர வேண்டும். ஒன்று விட்டுப்போனால் பாதி உரையாடல்தான் கேட்கும்.

கவுண்டருக்குச் சிறிய லூப் போதும். அதை ஸ்டீல் மேஜைக்கு அடியில் பொருத்தக் கூடாது. ஏற்காட்டுக்கு, பேட்டரியில் இயங்கும் கையடக்க லூப் கொடுத்தால் மலைக்கிராம முகாம்களுக்கும் எடுத்துச் செல்லலாம்.

காதுக்குள் மறையும் சிறிய கருவிகள் பலவற்றில் டெலிகாயில் இல்லை. அவற்றை அணிபவர்களுக்கு ஹெட்போனுடன் சில லூப் ரிசீவர்கள் வைக்க வேண்டும். கூட்டத்துக்கு முன் லூப் வேலை செய்கிறதா என்று ஊழியர் சரிபார்க்கவும் அதே ரிசீவர் உதவும். அரசு வழங்கும் கருவிகளில் டெலிகாயில் இருப்பதையும், ஆடியாலஜிஸ்ட் (செவித்திறன் நிபுணர்) அதைக் கணினியில் இயக்கித் தருவதையும் மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலர் உறுதிசெய்ய ஆணையிட வேண்டுகிறோம். ப்ளூடூத் வழி ஒலிபரப்பும் ஆராகாஸ்ட் என்ற புதிய முறை வந்திருந்தாலும், பழைய கருவிகள் அதைப் பிடிக்காது.

சோதனை நாளை முன்கூட்டித் தெரிவித்தால், எங்கள் கருவிகளோடு வந்து ஒவ்வொரு வரிசையிலும் உட்கார்ந்து கேட்டுச் சொல்கிறோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
காதொலி கருவி பயன்படுத்துவோர்

இடம்: சேலம்