பேசிக்கொண்டே கேட்கலாமாம்!

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வீட்டில் ஜாஸ் கச்சேரி வைப்பது பற்றிய கட்டுரையில், "இரண்டு பெரிய ஸ்பீக்கர் போதும், விருந்தினர் பேசிக்கொண்டே ரசிக்கலாம்" என்று ஒரு வரி. தங்களுக்குத் தெரியாததா? முப்பது பேர் உட்காரும் கூடத்தில் டிரம்ஸ் இருக்கும்போது ஸ்பீக்கர் எதற்கு? ஒலியைக் குறைப்பதுதான் அங்கே பெரும்பாடு. டிரம்ஸ் அடிக்கக் குச்சிக்குப் பதில் கம்பிப் பிரஷ். டிரம்ஸுக்கு அடியில் இரண்டு மீட்டர் சதுரத்துக்குக் கனமான கம்பளம்; அது இல்லாவிட்டால் ஒவ்வொரு மிதிக்கும் பேஸ் டிரம் முன்னால் நகரும், வாசிப்பவர் காலாலேயே அதை இழுத்துக்கொண்டிருப்பார். டிரம்ஸை மூலையில் தள்ளினால் சுவர்கள் சேர்ந்து அடியோசையை ஊதிப் பெருக்கும். மைக் பாடுபவருக்கு மட்டும்.

பியானோவை இடம் மாற்றிய பிறகே சுருதி சேர்க்க வேண்டும். சாக்ஸபோன்காரர் வாயில் வைத்து ஊதும் மவுத்பீஸை இழுத்துத் தள்ளிச் சமாளிப்பார். பியானோவுக்கு அந்த வசதி இல்லை. மெதுவான பாட்டின் நடுவே உறுமும் ஃப்ரிட்ஜை அணைத்துவிட்டு, கார் சாவியை அதற்குள்ளேயே வைத்துவிட்டால் திரும்பப் போட மறக்காது. இதெல்லாம் எழுதத் தங்கள் பக்கத்தில் இடமில்லை போலும்.

சாக்ஸபோனைப் பித்தளை வாத்தியக் குடும்பத்தில் சேர்த்ததும் தாங்கள்தான். உடம்புதான் பித்தளை, பேசுவது மவுத்பீஸில் பொருத்திய நாணல் பட்டை. 1846இல் அடால்ஃப் சாக்ஸ் காப்புரிமை வாங்கிய நாளிலிருந்தே அப்படித்தான். மனோதர்மமாக வாசிப்பதை 'தோன்றியதை வாசிப்பது' என்றீர்கள். 32 பார் (தாளச் சுற்றுப் போன்ற அளவு) கொண்ட சுற்றில் ஒரு பார் தவறிப்பாருங்கள், பேஸ் என்ற பெரிய தந்தி வாத்தியம் வாசிப்பவரின் முகமே சொல்லிவிடும்.

போகட்டும். 1920களில் நியூயார்க்கின் ஹார்லெமில் வாடகைக்கு வழியில்லாதவர்கள் வீட்டிலேயே விருந்து வைத்து வாசலில் காசு வாங்கினார்கள். ஜாஸ் பியானோ கலைஞர்களான ஃபேட்ஸ் வாலரும் ஜேம்ஸ் பி. ஜான்சனும் அப்படிப்பட்ட வீடுகளில் வாசித்தவர்கள். தங்கள் கட்டுரையோ 'கலைஞர்களுக்கு வயிறார விருந்து' என்று கணக்கை முடித்துவிட்டது. விருந்தை வைத்துக்கொண்டு அவர்கள் வாடகை கட்ட முடியுமா? குறைந்தபட்சத் தொகையை முன்பே பேசிவிட வேண்டும். உண்டியல் வசூல் முழுக்க அவர்களுக்கு, குறைந்தால் மீதி வீட்டுக்காரர் கையிலிருந்து.

அக்கம்பக்கத்தார் பழகுவதும் கச்சேரியால்தான், மறுக்கவில்லை. 45 நிமிடமாக இரண்டு பகுதி, நடுவே அரை மணி இடைவேளை, பேச்செல்லாம் அதில். வாசிக்கும்போது பேசினால் பேஸ் தனி வாசிப்பு முன்வரிசைக்குக்கூடக் கேட்காது.

விளக்கம், வருத்தம் எதுவும் வேண்டாம். 'இரண்டு ஸ்பீக்கர்' என்பதை 'ஒரு கம்பளம்' என்று திருத்தி வாசிக்கவும் என அடுத்த இதழில் ஒரு வரி போட்டால் போதும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்