கன்னியக்கோயில் தேநீர்க் கடை அம்மாவுக்கு

கடந்த ஞாயிறு விடியற்காலைத் தூறலில், புதுச்சேரி–கடலூர் சாலையில் கன்னியக்கோயில் அருகே என் கேமரா பையைத் தவறவிட்டேன். இரவில் பைக் பந்தயம் ஓட்டும் பையன்களோடு 8 மாதம் பழகி எடுத்துவரும் ஆவணப்படத்தின் 2 மெமரி கார்டுகள் அதில் இருந்தன. ஒன்றில் அவர்களுடைய முகங்கள். பொதுச்சாலையில் பந்தயம் ஓட்டினால் மோட்டார் வாகனச் சட்டம் 189ஆம் பிரிவின்படி முதல் முறையே 3 மாதம் வரை சிறை, அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். என்னை நம்பித்தான் முகம் காட்டினார்கள். மற்றொன்றில், பந்தயத்தில் மகனைப் பறிகொடுத்த ஒரு தாய் அவனுடைய ஹெல்மெட்டை மடியில் வைத்துக்கொண்டு முந்தின நாள் மாலை பேசிய 40 நிமிடம். இன்னொரு முறை சொல்லுங்கள் என்று அவரிடம் எப்படிக் கேட்பேன்?

மதியம் பதறித் தேடி வந்தபோது, அம்மா, நீங்கள் அரிசி டப்பாவைத் திறந்தீர்கள். நனைந்த கார்டுகளைத் துணியில் முடிந்து அரிசிக்குள் புதைத்திருந்தீர்கள். யாரிடமும் கொடுத்துப் போட்டுப் பார்க்கவில்லை. பணத்தை நீட்டினேன். “முதலில் டீ குடி தம்பி” என்றீர்கள். உங்கள் பெயரைக் கேட்கக்கூட எனக்குத் தோன்றவில்லை.

இரண்டு கார்டுகளும் வேலை செய்கின்றன அம்மா. மிக்க நன்றி. படம் முடிந்ததும் முதலில் அந்தத் தாய்க்கும், அடுத்து உங்களுக்கும் காட்ட வருகிறேன்.