கப்பலில் இருக்கும் மகளுக்கு

அன்பு மகளுக்கு,

புத்தகத்தில் படித்த சொல் ஒரு விதமாகவும், கப்பலின் தளத்தில் காதில் விழும் சொல் வேறு விதமாகவும் இருப்பது தடுமாற வைக்கிறது என்று எழுதியிருந்தாய். எழுத்துக்கூட்டி 'போட்ஸ்வெயின்' என்று நீ வாசித்ததைக் கேட்டு உடனிருந்தவர்கள் சிரித்ததற்காக வருந்தாதே. கடல் பக்கம் போகாத ஆங்கிலேயர்களிலும் அப்படி வாசிப்பவர்கள் உண்டு.

தளத்து மாலுமிகளின் தலைவரைக் குறிக்கும் அச்சொல்லின் ஒலி 'போசன்'. அதன் பின்பாதி, பழைய நோர்ஸ் மொழியில் பையன், பணியாள் என்று பொருள்பட்ட சொல்லிலிருந்து வந்தது. ஆங்கிலத்தில் அழுத்தம் முதல் அசையில் விழும்போது பின்னால் வரும் அசை பெரும்பாலும் தேய்ந்துவிடும். அந்தத் தேய்மானத்தில் 'டபிள்யூ' உதிர்ந்துபோன பழைய சொற்கள் பல. படகைச் செலுத்துபவரைக் குறிக்கும் 'காக்ஸ்வெயின்' 'காக்சன்' ஆனதும், தீர்க்கரேகைப் பாடத்தில் கிரீன்விச் என்று நீ படித்த ஊர் அங்குள்ளவர்கள் வாயில் 'கிரெனிச்' ஆனதும் இவ்வாறுதான். ஒவ்வோர் அசையையும் நிறுத்திச் சொல்லிப் பழகிய நமக்கு இந்தத் தேய்மானம் எளிதில் பிடிபடாது.

படகுப் பக்கச்சுவரின் மேல்விளிம்புக்கு 'கன்னல்' என்று பெயர். முதல் எழுத்தைக் கங்கையின் ககரம் போல ஒலிக்க வேண்டும். எழுத்தில் அது 'கன்வேல்': பீரங்கி என்ற பொருளுள்ள 'கன்', தடித்த பலகை என்ற பொருளுள்ள 'வேல்' இரண்டும் அதற்குள் அப்படியே இருக்கின்றன. 'ஃபோக்சல்' என்று நீங்கள் சொல்லும் முன்தளத்தை எழுதிப் பார், 'ஃபோர்காசில்' என்று வரும்; உள்ளே 'காசில்', அதாவது ஒரு கோட்டை தெரியும். இடைக்காலப் போர்க்கப்பல்களின் முகப்பில் வீரர்கள் நின்று போரிடுவதற்காகக் கோட்டைபோல உயர்ந்த மேடை கட்டினார்கள். மேடை மறைந்த பிறகும் பெயர் நிலைத்துவிட்டது. ஆகவே பொருளின் வேரைத் தேடும்போது எழுத்தைப் பார், ஒலிக்கு மாலுமியின் வாயைக் கவனி. உணவுப் பொருள்களைக் குறிக்கும் 'விட்டில்ஸ்' மட்டும் வேறு வகை: பிரெஞ்சு வழியாக வந்த அச்சொல்லில் லத்தீன் மூலத்தைக் காட்டுவதற்காக அறிஞர்கள் பிற்பாடு நுழைத்த 'சி' ஒருபோதும் ஒலித்ததில்லை.

உச்சரிப்பைச் சிறிய விஷயமாக நினைத்துவிடாதே. கப்பலின் வலப்பக்கம் 'ஸ்டார்பர்ட்', இடப்பக்கம் 'லார்பர்ட்' என்றிருந்த காலத்தில், புயல் இரைச்சலில் கத்திச் சொல்லும் கட்டளையில் இரண்டும் ஒன்றாகவே கேட்கும். திருப்ப வேண்டிய திசையே மாறிவிடக்கூடிய ஆபத்து அதில் இருந்தது. இடப்பக்கத்துக்குப் 'போர்ட்' என்றே சொல்ல வேண்டுமென்று பிரிட்டிஷ் கடற்படை 1844இல் ஆணையிட்டது இதனால்தான்.

நீ கேட்ட காற்று மறைவுப் பக்கத்துக்கான சொல்லை மாலுமிகள் 'லூவர்ட்' என்பார்கள். கரையிலும், கரீபியத் தீவுகளின் பெயரிலும் அது 'லீவர்ட்'. இரண்டும் சரியே. கப்பலில் இருக்கும்வரை முன்னதையே சொல்.

புதிய சொல்லைக் கேட்டால் காதில் விழுந்தபடியே தமிழில் குறித்துக்கொண்டு, அகராதியில் ஒலிக்குறியைப் பார். அப்போதும் ஐயம் தீராவிட்டால் போசனிடமே தயங்காமல் கேள்.

அன்புடன்,
அப்பா