வால்டர் டல்லுக்குக் கிடைக்காத பதக்கம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். முதல் உலகப் போருக்குச் சென்ற விளையாட்டு வீரர்களைப் பற்றித் தங்கள் இதழில் அண்மையில் வெளிவந்த கட்டுரை, கால்பந்து வீரர் வால்டர் டல்லைப் பிரிட்டிஷ் படையின் ‘முதல் கறுப்பின அதிகாரி’ என்று ஒரே வரியில் சொல்லி முடித்துவிட்டது எனக்கு மனக்குறையாக இருந்தது. ஜமைக்காவைச் சேர்ந்த யூவன் லூசி-ஸ்மித் 1914-லேயே அதிகாரியாகிவிட்டதால், அந்தப் பட்டம் சரியானதும் அன்று. டல்லின் பெருமை அதில் அடங்குவதும் இல்லை.

பார்படோஸிலிருந்து வந்த தச்சர் ஒருவரின் மகனான அவர், பத்து வயதுக்குள் தாய் தந்தை இருவரையும் இழந்து, லண்டனில் ஆதரவற்ற சிறுவர் இல்லத்தில் வளர்ந்தவர். 1909-இல் டாட்டன்ஹாம் அணிக்கு ஆட வந்த சில வாரங்களிலேயே, பிரிஸ்டலில் பார்வையாளர்களில் ஒரு பகுதியினர் அவருடைய நிறத்தைச் சொல்லிக் கூசாமல் வசைபாடினர். விரைவிலேயே முதன்மை அணியில் இடம் இழந்த அவர், 1911-இல் நார்தாம்ப்டனுக்குச் சென்று, அங்கே நூற்றுக்கும் மேற்பட்ட ஆட்டங்கள் ஆடினார்.

1914 டிசம்பரில் கால்பந்து வீரர்களுக்கென அமைந்த படைப்பிரிவில் சிப்பாயாகச் சேர்ந்த டல், 1917 மே மாதம் இரண்டாம் லெப்டினன்ட் ஆனார். தூய ஐரோப்பிய வம்சாவளியினரே அதிகாரியாகலாம் என்று படை விதித்திருந்த காலம் அது. கறுப்பரின் கட்டளைக்கு வெள்ளைச் சிப்பாய்கள் பணிய மாட்டார்கள் என்ற எண்ணமும் அப்போது வேரூன்றியிருந்தது. ஆனால் இத்தாலியில், பியாவே ஆற்றைக் கடந்து எதிரியின் பகுதிக்குள் அவர் நடத்திச் சென்ற வீரர்கள் அவரை நம்பித்தான் போனார்கள். அவருடைய துணிவையும் நிதானத்தையும் மேஜர் ஜெனரல் லாஃபர்ட் பாராட்டினார்.

1918 மார்ச் 25 அன்று பிரான்சில் டல் குண்டடிபட்டு இறந்தபோது, முன்பு லெஸ்டரில் கோல் கீப்பராக இருந்த சிப்பாய் டாம் பில்லிங்ஹாம், இயந்திரத் துப்பாக்கிகள் சுட்டுக்கொண்டிருந்த வெளியில் அவருடைய உடலைக் கொண்டுவர முயன்று, முடியாமல் விட்டுவர நேர்ந்தது. வெள்ளைச் சிப்பாய்கள் கறுப்பருக்குப் பணிய மாட்டார்கள் என்ற அந்த எண்ணத்தைப் பொய்யாக்க இதைவிட வேறு சான்று வேண்டுமா?

டல்லுக்கு, போர்க்கள வீரத்துக்கான மிலிட்டரி கிராஸ் பதக்கம் பரிந்துரைக்கப்பட்டதாக, உடனிருந்த அதிகாரி ஒருவர் அவருடைய அண்ணன் எட்வர்டுக்குக் கடிதம் எழுதினார். அந்தப் பதக்கம் வழங்கப்படவே இல்லை. அவருக்கென்று தனிக் கல்லறையும் இல்லை. பிரான்சிலுள்ள அராஸ் போர் நினைவகச் சுவரில் பெயர் மட்டும் இருக்கிறது. பதக்கத்தை இப்போதாவது வழங்க வேண்டும் என்று பிரிட்டனில் பலர் கேட்டு வருகிறார்கள். அக்கோரிக்கை நியாயமானது என்றே நானும் கருதுகிறேன். டல்லைப் பற்றி மீண்டும் எழுதும்போது, பில்லிங்ஹாமையும் இந்தப் பதக்கத்தையும் விட்டுவிடாமல் எழுதுமாறு தங்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்,
திருச்சி