சோழவரத்தை முதலில் எடு

அன்புள்ள மகளுக்கு,

அம்மா எழுதுவது. நீலகிரி மலை ரயிலையும் சென்னைக்கு அருகே சோழவரத்தில் நடந்த கார் பந்தயங்களையும் பற்றி ஆவணப்படங்கள் தயாரிக்கப்போவதாகவும், ரயிலிலிருந்து தொடங்க எண்ணியிருப்பதாகவும் எழுதியிருந்தாய். உன் அப்பா குன்னூர் லோகோ ஷெட்டில் வேலை பார்த்தவர் என்பதால் எனக்கும் அதுவே விருப்பமாக இருக்கும் என்று நினைத்திருப்பாய். ஆனால் சோழவரத்தை முதலில் எடுத்துவிடு என்பதே என் எண்ணம்.

மலை ரயிலைக் காக்க ஆட்கள் இருக்கிறார்கள். 1899-இல் குன்னூர் வரையும் 1908-இல் உதகை வரையும் ஓடத் தொடங்கிய அந்த ரயில், 2005 முதல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் இருக்கிறது. சுவிட்சர்லாந்திலிருந்து வந்த எக்ஸ் வகை நீராவி என்ஜின்களைப் போலவே புதியவற்றைத் திருச்சி பொன்மலைப் பணிமனையில் நம்மவர்களே செய்துவிட்டார்கள். சோழவரத்துக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. இரண்டாம் உலகப் போர்க் காலத்து விமான ஓடுதளத்தில், 1953-இல் தொடங்கப்பட்ட மெட்ராஸ் மோட்டார் ஸ்போர்ட்ஸ் கிளப் பல்லாண்டுகள் நடத்திய பந்தயங்கள், இருங்காட்டுக்கோட்டையில் தனிப் பந்தயத்தளம் அமைந்தபின் பார்த்தவர்களின் நினைவில் மட்டுமே மிஞ்சியிருக்கின்றன. அறுபதுகளில் ஓட்டியவர்களுக்கு இப்போது எண்பது வயதாகியிருக்கும்.

ஓட்டியவர்களோடு நின்றுவிடாதே. வெளிநாட்டுக் கார்களை எளிதில் இறக்குமதி செய்ய முடியாத அந்தக் காலத்தில், கிடைத்த என்ஜினையும் பாகங்களையும் வைத்துப் பந்தயக் கார்களைக் கட்டிய மெக்கானிக்குகளைத் தேடிப் போ. 2005-இல் ஃபார்முலா ஒன் பந்தயத்தில் ஓட்டிய முதல் இந்தியர் நரேன் கார்த்திகேயன் என்பது எல்லோருக்கும் தெரியும். அவர் தொடக்கத்தில் ஓட்டிய ஃபார்முலா மாருதி என்ற பந்தயக் கார், கோயம்புத்தூர் கரிவரதன் மாருதி 800 என்ஜினைக் கொண்டு வடிவமைத்தது என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? 1995-இல் விமான விபத்தில் இறந்த கரிவரதனோடு பட்டறையில் நின்றவர்கள் சொன்னால்தான் அந்தக் கதை முழுமை பெறும்.

ரயிலுக்கு வரும்போது ஒன்றே ஒன்று கேட்கிறேன். கல்லாறு தாண்டியதும் பன்னிரண்டு அடிக்கு ஓரடி உயரும் ஏற்றத்தில், சக்கரங்களை ஓட்டும் கீழ் சிலிண்டர்களில் உழைத்த நீராவியே மேல் சிலிண்டர்களுக்கும் போய், தண்டவாளங்களுக்கு நடுவே உள்ள பல்தண்டவாளத்தைப் பற்றி ஏறும் பல்சக்கரத்தைச் சுழற்றும். அப்போது என்ஜினின் ஓசையே மாறிவிடும். ஷெட்டில் இருந்தவர்கள் அந்த ஓசையைக் கேட்டே என்ஜினின் உடல்நிலையைச் சொல்வார்கள். அங்கே பின்னணி இசையோ விளக்கவுரையோ வேண்டாம்.

சோழவரம் ஆட்களிடம் பேசப் போகும்போது, பரணில் அந்தக் காலத்து வீட்டுக் கேமராக்களில் எடுத்த சூப்பர் 8 பிலிம் சுருள்கள் இருக்கின்றனவா என்று தவறாமல் கேள். டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை அடித்தால் பிலிம் கெட்டுக்கொண்டிருக்கிறது என்று பொருள். அதைப் புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்க விடாதே. நேரே ஸ்கேன் செய்யக் கொண்டுபோய்விடு. அதற்காகும் செலவில் என் பென்ஷனிலிருந்தும் ஒரு பங்கு தருகிறேன்.

அன்புடன்,
அம்மா