மரபணுவுக்கு முன்னால் இருக்கும் எழுத்துகள்

அன்புள்ள மகளுக்கு,

நலம். மரபணுவின் வரிசையில் ஓர் எழுத்துகூடப் பிசகாதபோது புரதம் மட்டும் ஏன் உருவாகவில்லை என்று எழுதியிருந்தாய். நீ மரபணுவை மட்டும் படித்திருக்கிறாய் என்று நினைக்கிறேன். அதற்கு முன்னால் இருக்கும் புரோமோட்டரையும், அதாவது மரபணுவின் படியெடுப்பைத் (டி.என்.ஏ.விலிருந்து ஆர்.என்.ஏ. நகல் எடுப்பதைத்) தொடங்கிவைக்கும் பகுதியையும் படிக்க வேண்டும்.

அதை விளக்குப் பொத்தானோடு ஒப்பிடுவது எனக்கு உடன்பாடில்லை. பொத்தானுக்கு இரண்டே நிலைகள். புரோமோட்டரின் வலிமையிலோ பல படிகள் உண்டு. ஈ.கோலை பாக்டீரியாவில், படியெடுப்பு தொடங்கும் இடத்திலிருந்து ஏறத்தாழ 10, 35 எழுத்துகள் முன்னால் ஆறாறு எழுத்துகளில் (ஏ, டி, ஜி, சி என்னும் டி.என்.ஏ. எழுத்துகளில்) இரண்டு சொற்கள் உள்ளன, படியெடுக்கும் நொதியான ஆர்.என்.ஏ. பாலிமரேஸுடன் சேர்ந்த சிக்மா காரணி என்னும் புரதம் அவற்றைத்தான் தேடிப் பிடிக்கிறது. இரண்டுக்கும் இடையே 17 எழுத்துகள் இருப்பது மிகவும் பொருத்தம். டி.என்.ஏ. முறுக்கேறிய இழை என்பதால், இடையில் ஓரிரு எழுத்துகள் கூடினாலும் குறைந்தாலும் அச்சொற்கள் வேறு திசையை நோக்கித் திரும்பிவிடும், பிடி தளரும். லாக்டோஸ் சர்க்கரையைப் பயன்படுத்த உதவும் லாக் மரபணுத்தொகுதியில், 10 எழுத்துகள் முன்னால் 'டிஏடிஜிடிடி' என்றிருக்கும் சொல் 'டிஏடிஏஏடி' ஆக மாறினால், அதாவது இரண்டே எழுத்துகள் திருந்தினால், படியெடுப்பைத் தூண்டும் துணைப் புரதத்தின் தயவின்றியே அது வலிமையான புரோமோட்டராகிவிடுகிறது.

உன் கேள்விக்கு நேரான விடை மனித இரத்தத்தில் இருக்கிறது. டஃபி என்னும் புரதத்தின் மரபணு பழுதின்றி இருந்தும், மேற்கு ஆப்பிரிக்காவில் பெரும்பாலோரின் சிவப்பணுக்களில் அப்புரதம் இல்லை. புரோமோட்டரில் ஒரு 'டி' இருக்க வேண்டிய இடத்தில் 'சி' இருப்பதே காரணம் என்று 1995இல் கண்டறிந்தார்கள். சிவப்பணுவை உருவாக்கும் செல்களில் மரபணுவை இயக்கும் காட்டா-1 என்ற புரதம் வந்து பற்ற வேண்டிய இடம் அது. காட்டா-1ஐ நம்பியிராத இரத்தக்குழாய்ச் சுவரின் செல்களில் அதே மரபணு வழக்கம்போல் இயங்குகிறது. விவாக்ஸ் மலேரியாக் கிருமி சிவப்பணுவுக்குள் நுழைய டஃபியையே பெரிதும் நாடுவதால், இந்த ஓரெழுத்து அவர்களுக்கு நல்ல காப்பாகவும் அமைந்துவிட்டது.

ஆகவே, தொடக்கப் புள்ளிக்கு முன்னால் சில நூறு எழுத்துகளையாவது வரிசைப்படுத்திப் பார். அங்கும் பிழை இல்லையென்றால், 'சி'யை அடுத்து 'ஜி' வரும் இடங்களில் மெத்தில் என்ற சிறு வேதிக்குழு ஏறியிருக்கிறதா என்று சோதித்துவிடு. எழுத்து மாறாமலேயே மரபணுவின் வாயை அது அடைத்துவிடும். சாதாரண வரிசைப்படுத்தலில் அது தெரியவே தெரியாது.

அன்புடன்,
அப்பா