ஊராட்சித் தலைவர் மீதான பதவி நீக்க விசாரணைக்குக் காலக்கெடு நிர்ணயிக்கக் கோரும் மனு

அனுப்புநர்:
கிராம ஊராட்சி முன்னாள் வார்டு உறுப்பினர்
(பெயரும் ஊர் விவரமும் தனி உறையில்)

பெறுநர்:
அரசுச் செயலாளர் அவர்கள்,
ஊரக வளர்ச்சி மற்றும் ஊராட்சித் துறை,
தலைமைச் செயலகம், சென்னை.

பொருள்: தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 1994, பிரிவு 205-ன் கீழ் நடக்கும் விசாரணையை 90 நாட்களில் முடிக்க வேண்டுதல் தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மா,

வணக்கம். 2019 டிசம்பரில் நடந்த ஊரக உள்ளாட்சித் தேர்தலில் வார்டு உறுப்பினராக வென்று, 2025 ஜனவரி 5 வரை அந்தப் பொறுப்பில் இருந்தேன். எங்கள் ஊராட்சியில் 9 வார்டுகள். அதில் 7 உறுப்பினர்கள் சேர்ந்து, தலைவரைப் பதவி நீக்கம் செய்யக் கோரி மாவட்ட ஆட்சியரிடம் மனு கொடுத்தோம். முடிவு வருவதற்குள் எல்லோருடைய பதவிக்காலமும் முடிந்துவிட்டது. அவரும் வீட்டுக்குப் போனார், நாங்களும் போனோம். கோப்பு மட்டும் அங்கேயே இருக்கிறது.

நடந்ததைச் சுருக்கமாகச் சொல்கிறேன். தெருவிளக்கு வாங்கியதற்கான பில்லில் 60 விளக்குகள் என்று இருந்தது. ஓர் இரவு நானும் இன்னொரு உறுப்பினரும் டார்ச்சோடு சைக்கிளில் போய்க் கம்பம் கம்பமாக எண்ணினோம். புது விளக்கு 22 கம்பங்களில் இருந்தது. கூட்டத்தில் கேட்டதற்கு, "மீதி ஸ்டோரில் இருக்கிறது" என்றார் தலைவர். ஸ்டோர் சாவி யாரிடம் என்று கேட்டோம். பதில் இல்லை. காசோலையில் தலைவரும் துணைத் தலைவரும் சேர்ந்து கையெழுத்திட வேண்டும் என்பது விதி. எங்கள் துணைத் தலைவரோ தொகை எழுதாத காசோலைகளில் முன்கூட்டியே கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்தார். அதை அவரே ஒப்புக்கொண்டார். தீர்மானப் புத்தகத்திலும் அதே கதைதான்: முதலில் வெற்றுப் பக்கத்தில் எங்கள் கையெழுத்து, அப்புறம் மேலே தீர்மானம்.

மனுவை ஆடி மாதம் கொடுத்தோம். தலைவரிடம் விளக்கம் கேட்டு நோட்டீஸ் போனது ஐப்பசியில். வட்டாட்சியர் வந்து எங்கள் கருத்தைப் பதிவு செய்தது அடுத்த வருடம் மாசியில். அந்தக் கூட்டம் அரை மணி நேரம்கூட நீடிக்கவில்லை. நோட்டீஸையும் தலைவரின் விளக்கத்தையும் படித்தார், எங்கள் கருத்தைக் குறித்துக்கொண்டார், கிளம்பினார். அவர் மேல் குறை சொல்ல மாட்டேன். சட்டம் அவருக்குக் கொடுத்த வேலை அவ்வளவுதான். அதற்குப் பின் ஆட்சியர் அலுவலகத்துக்குப் போகும்போதெல்லாம் "பரிசீலனையில் உள்ளது" என்ற ஒரே பதில்தான்.

பிரிவு 205-ஐப் பலமுறை படித்துவிட்டேன். ஊராட்சிகளின் ஆய்வாளர் என்ற முறையில் ஆட்சியர் தானாகவும் நடவடிக்கை எடுக்கலாம், மூன்றில் இரண்டு பங்கு உறுப்பினர்கள் மனு கொடுத்தாலும் எடுக்கலாம். விளக்கம் கேட்பது, வட்டாட்சியர் மூலம் ஊராட்சியின் கருத்தை அறிவது எல்லாம் முறையாகவே இருக்கிறது. ஆனால் ஆய்வாளர் எத்தனை நாட்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும் என்று அதில் இல்லை. தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு காகிதத்தின் நகல் கேட்டால் 30 நாளில் பதில் தர வேண்டும். 5 வருடமே ஆயுள் உள்ள பதவியைப் பற்றிய விசாரணைக்கு அப்படி ஒரு வரம்பும் கிடையாது.

தாமதத்தால் தவறு செய்தவர் தப்பிக்கிறார் என்பது மட்டும் பிரச்சினை இல்லை. தயக்கத்தோடு ஒன்றைச் சொல்கிறேன். எங்கள் 7 பேரில் ஒருவர் விளக்குக்காகக் கையெழுத்துப் போடவில்லை. மைத்துனருக்கு வேலை ஒப்பந்தம் கிடைக்காத கோபத்தில் போட்டார். எங்கள் ஊரிலேயே இப்படி என்றால், பட்டியல் சாதியினருக்கோ பெண்களுக்கோ ஒதுக்கப்பட்ட ஊராட்சிகளில் என்னவெல்லாம் நடக்கலாம்? 1997-ல் மேலவளவு ஊராட்சித் தலைவர் முருகேசன் கொல்லப்பட்டதையும், பாப்பாபட்டி, கீரிப்பட்டி போன்ற ஊர்களில் 2006 வரை பட்டியல் சாதித் தலைவரைச் செயல்பட விடாததையும் பார்த்த மாநிலம் இது. அங்கே மூன்றில் இரண்டு பங்கு கையெழுத்தைச் சாதிக் கணக்கிலேயே திரட்டிவிட முடியும். பொய்ப் புகாரில் சிக்கிய தலைவருக்கு, தலைக்கு மேல் தொங்கும் நோட்டீஸே தண்டனைதான். ஊரில் யாரும் அவர் பேச்சைக் கேட்க மாட்டார்கள். விசாரணை சீக்கிரம் முடிவது அவருக்கும்தான் தேவை.

ஆகவே தங்களிடம் நான் கேட்பது இதுதான். மனு கிடைத்த நாளிலிருந்து 90 நாட்களுக்குள் காரணங்களோடு கூடிய உத்தரவு வர வேண்டும் என்று பிரிவு 205-ஐத் திருத்த அரசுக்குப் பரிந்துரைக்க வேண்டும். சட்டத் திருத்தத்துக்கு நாளாகும் என்பது தெரியும். அதுவரை ஆட்சியர்களுக்கு ஒரு சுற்றறிக்கையாவது அனுப்பலாம். புகார் பணம் சம்பந்தப்பட்டது என்றால், முதல் 15 நாட்களுக்குள் வட்டார வளர்ச்சி அலுவலர் நேரில் வந்து, இரு தரப்பையும் வைத்துக்கொண்டு பார்த்து எழுதிவிட வேண்டும். இது முக்கியம். வட்டாட்சியர் கூட்டம் நடந்தபோது, நாங்கள் எண்ணிய 22 விளக்குகளில் பாதி எரியவில்லை, சில கம்பத்திலேயே இல்லை. எதை வைத்து எதை நிரூபிப்பது?

ஒதுக்கீட்டு ஊராட்சிகளில், மனுவில் கையெழுத்திட்ட ஒவ்வொருவரிடமும் தனியாக, மற்றவர்கள் இல்லாத இடத்தில் வாக்குமூலம் வாங்க வேண்டும். உத்தரவு எப்படி இருந்தாலும் அடுத்த கிராம சபையில் அதை முழுமையாகப் படிக்க வேண்டும். தலைவர் குற்றமற்றவர் என்று முடிவானால் அதுவும் ஊருக்குத் தெரிய வேண்டும் அல்லவா?

எங்கள் பழைய கோப்பைத் தூசி தட்டும்படி நான் கேட்கவில்லை. நாங்கள் பட்ட அலைச்சல் அடுத்து பதவிக்கு வருபவர்களுக்கு வேண்டாம் என்றுதான் எழுதுகிறேன். விசாரணைக்கு அழைத்தால் நேரில் வரத் தயார்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
முன்னாள் வார்டு உறுப்பினர்

இணைப்பு: 7 உறுப்பினர்கள் அளித்த மனுவின் ஒப்புகை நகல், தெருவிளக்கு பில் நகல், கம்பம் வாரியாக நாங்கள் எடுத்த கணக்கு (கையெழுத்துப் பிரதி, 2 பக்கம்).